சிங்கப்பூர் மக்கள்தொகைக்கு எந்தக் கணக்கு: நேர்கோடா, வளைகோடா, இரண்டு கோடுகளா?

2030இல் சிங்கப்பூரில் எத்தனை பேர் இருப்பார்கள்? உயர்நிலைப் பள்ளி ஒப்படைப்புக்கும் இந்தக் கேள்வி வரும், தேக்காவில் (லிட்டில் இந்தியா வட்டாரத்தில்) கடைக் குத்தகையைப் புதுப்பிக்கும் வியாபாரியின் கணக்கிலும் வரும், சமூக அமைப்பின் ஐந்தாண்டுத் திட்டத்திலும் வரும். கையில் இருப்பவை ஒரே எண்கள்தான். ஆனால் எந்தச் சமன்பாட்டைப் போடுகிறோம் என்பதைப் பொறுத்து விடை 6.2 மில்லியனிலிருந்து 7.4 மில்லியன் வரை நகர்கிறது. அதனால் சமன்பாட்டைத் தேர்ந்தெடுப்பதில்தான் கவனம் வேண்டும். கூட்டல், பெருக்கலை எக்செல் பார்த்துக்கொள்ளும்.

முதலில் தரவு. புள்ளிவிவரத் துறை வெளியிடும் ஜூன் மாத மதிப்பீடுகள் இவை. எல்லாம் ஆயிரத்தில்.

ஆண்டு | மொத்தம்
1970 | 2,074.5
1980 | 2,413.9
1990 | 3,047.1
2000 | 4,027.9
2010 | 5,076.7
2020 | 5,685.8

மொத்த மக்கள்தொகை என்றால் குடிமக்கள், நிரந்தரவாசிகள், இங்கே வேலைக்கும் படிப்புக்கும் வந்து தங்கியிருக்கும் வெளிநாட்டவர் எல்லாரும் சேர்ந்தது. சுற்றுப்பயணிகள் இதில் இல்லை. 2003 முதல், தொடர்ந்து 12 மாதமோ அதற்கு மேலோ வெளிநாட்டில் இருக்கும் குடிமக்களும் நிரந்தரவாசிகளும் கணக்கில் சேர்க்கப்படுவதில்லை. 2002இல் 4,176.0 ஆக இருந்த எண் 2003இல் 4,114.8 ஆகக் குறைந்திருப்பதைப் பார்த்து, அந்த ஆண்டு ஊரே காலியானது என்று விளக்கம் எழுதிவிடக் கூடாது. எண்ணும் முறை மாறிய இடம் அது.

நேர்கோடு: இரண்டு புள்ளி வைத்தா, எல்லாப் புள்ளியும் வைத்தா?

நேரியல் கோவை என்பது எளிமையானது: ம = தொடக்கம் + சாய்வு × ஆ. இங்கே ம மக்கள்தொகை, ஆ என்பது 1970லிருந்து கடந்த ஆண்டுகள். சாய்வு என்பது ஆண்டுக்கு எத்தனை பேர் கூடுகிறார்கள் என்ற எண். யாருக்கும் ஒரே மூச்சில் விளக்கிவிடலாம் என்பதே இதன் பெரிய பலம்.

பெரும்பாலானவர்கள் முதல் புள்ளியையும் கடைசிப் புள்ளியையும் இணைத்துவிட்டு எழுந்துவிடுகிறார்கள். 5,685.8இலிருந்து 2,074.5ஐக் கழித்து 50ஆல் வகுத்தால் 72.2. அதாவது ஆண்டுக்கு 72,200 பேர். இந்தக் கோடு 1990க்கு 3,519 என்று சொல்கிறது. உண்மை 3,047. கிட்டத்தட்ட 472,000 பேர் கூடுதல். இடையில் இருக்கும் நான்கு புள்ளிகளைக் கோடு பார்க்கவே இல்லை என்பதால் வந்த வினை.

மீச்சிறு வர்க்க முறை ஆறு புள்ளிகளையும் கேட்டுவிட்டு, விலகல்களின் வர்க்கக் கூட்டுத்தொகை மிகக் குறைவாக வரும்படி கோடு போடுகிறது. கையாலேயே செய்யலாம். ஆண்டுகளின் சராசரி 25. அதிலிருந்து ஒவ்வொன்றும் விலகும் தூரம் −25, −15, −5, 5, 15, 25. இவற்றின் வர்க்கங்களைக் கூட்டினால் 1,750. ஒவ்வொரு விலகலையும் அந்த ஆண்டின் மக்கள்தொகையால் பெருக்கிக் கூட்டினால் 135,128.5. இரண்டாவதை முதலாவதால் வகுத்தால் சாய்வு 77.216. மக்கள்தொகையின் சராசரி 3,720.98. அதிலிருந்து 25 × 77.216ஐக் கழித்தால் தொடக்கம் 1,790.6.

ம = 1,790.6 + 77.2 × ஆ

கோடு தரவோடு எவ்வளவு ஒட்டுகிறது என்பதை 0 முதல் 1 வரை காட்டும் தொடர்புக்கெழுவின் வர்க்கம் 0.978 வருகிறது. இதைப் பார்த்ததும் 'மாதிரி அருமையாகப் பொருந்துகிறது' என்று எழுதிவிட்டு அடுத்த பக்கத்துக்குப் போகிறவர்கள் அதிகம். அங்கேதான் நிற்க வேண்டும். எச்சங்களை, அதாவது உண்மை எண்ணிலிருந்து கோட்டின் எண்ணைக் கழித்து வருவதை, வரிசையாக எழுதிப் பாருங்கள்: +284, −149, −288, −79, +198, +34. நன்றாகப் பொருந்தும் கோட்டில் குறிகள் கலைந்து கிடக்கும். இங்கே கூட்டல், மூன்று கழித்தல், மீண்டும் இரண்டு கூட்டல். தரவு வளைந்திருக்கிறது, நாம் நேராக்கி வைத்திருக்கிறோம் என்று அந்தக் குறிகள் சொல்கின்றன. 0.978 அதைச் சொல்லாது.

அப்படியும் இந்தக் கோட்டைத் தூக்கி எறிய முடியாது. 2024க்கு அது சொல்வது 5,960. உண்மை 6,036.9. பிழை 1.3 விழுக்காடுதான். 2021க்குக் கேட்டால் 5,729 என்கிறது. கொவிட் ஆண்டின் உண்மை 5,453.6. அந்தப் பள்ளத்தை எந்தச் சமன்பாடும் முன்கூட்டிச் சொல்லியிருக்காது.

சாய்வை முழு எண்ணாக்கும்போது ஒரு பொறி இருக்கிறது. ஆண்டை 0, 10, 20 என்று எடுக்காமல் 1970, 1980 என்றே எக்செல்லில் கொடுத்தாலும் சாய்வு அதேதான் வரும். ஆனால் தொடக்கம் −150,325 ஆகிவிடும். 0ஆம் ஆண்டில் சிங்கப்பூரில் கழித்தல் 150 மில்லியன் பேர்! இதில் சிரிக்க மட்டுமே உண்டு, தவறு இல்லை. தவறு அடுத்த படியில் வருகிறது. சாய்வை 77 என்று சுருக்கி 2024ஆல் பெருக்கி இந்தத் தொடக்கத்தோடு கூட்டினால் விடை 5,523. சரியான விடையிலிருந்து 437,000 பேர் காணாமல் போகிறார்கள். 1970ஐ 0 என்று வைத்துக்கொண்டு அதே 77ஐப் போட்டால் 5,949. இழப்பு 12,000 மட்டும். ஆண்டை 0இலிருந்து தொடங்கச் சொல்வது அழகுக்காக இல்லை.

அடுக்கு வளர்ச்சி: பாடநூலின் செல்லப்பிள்ளை

மக்கள்தொகை என்றாலே ஆண்டுக்கு இத்தனை விழுக்காடு, கூட்டு வட்டிபோல வளரும் என்று பாடநூல்கள் பழக்கியிருக்கின்றன. உயர்நிலைப் பள்ளியில் ஏ மேத்ஸ் (கூடுதல் கணிதம்) படிக்கிறவர்களுக்கு வழி தெரியும்: மக்கள்தொகைக்கு லாக் (10ஐ அடிமானமாகக் கொண்ட மடக்கை) எடுத்து, அதை ஆண்டுக்கு எதிராக வரைந்தால் நேர்கோடு கிடைக்க வேண்டும். அதே ஆறு புள்ளிகளுக்கு:

லாக் ம = 3.307 + 0.00937 × ஆ

திருப்பினால் ம = 2,029 × 1.0218^ஆ. ஆண்டுக்கு 2.18 விழுக்காடு. 32 ஆண்டுக்கு ஒருமுறை இரட்டிப்பு.

இதுவும் நேரியல் கோவைதான், லாக் போட்ட பக்கத்தில். ஆனால் 2024க்கு இது சொல்வது 6,505. உண்மையைவிட 468,000 அதிகம். 2030க்கு 7,404. 2050க்கு 11,398, அதாவது 11.4 மில்லியன். நேர்கோடு 2050க்கு 7,968 என்கிறது. இவ்வளவு தூரம் போனால் இரண்டையும் நம்பக் கூடாது. ஆனால் ஒன்று கொஞ்சம் தவறும், மற்றது மூன்று மில்லியன் பேரைக் கூட்டிக்கொண்டு தவறும்.

இந்த முறையில் தசமத்தைச் சுருக்குவதுதான் ஆளைக் கொல்லும். 0.00937ஐ 0.009 என்று எழுதினால் 2024க்கான விடை 6,505இலிருந்து 6,213 ஆகிறது. 'இரண்டு தசம இடம் போதும்' என்று 0.01 போட்டால் 7,035. ஒரே தரவு, ஒரே முறை, 800,000 பேர் வித்தியாசம். லாக் பக்கத்துச் சாய்வை நான்கு முக்கிய இலக்கமாவது வைத்துக்கொண்டு, கடைசியில் மட்டும் சுருக்குங்கள்.

அடுக்கு வளர்ச்சி தன் சொந்தக் களத்திலேயே தோற்ற கதையும் உண்டு. 1947 கணக்கெடுப்பில் 938,144 பேர். 1957இல் 1,445,929. ஆண்டுக்கு 4.4 விழுக்காடு வளர்ச்சி. பிறப்புகள் தள்ளிக்கொண்டு போன காலம் அது. அடுக்கு வளர்ச்சிக்கு இதைவிடப் பொருத்தமான பத்தாண்டு கிடைக்காது. இந்த இரண்டு எண்ணை மட்டும் வைத்து 1970ஐக் கணித்தால் அடுக்கு முறை 2,537 என்கிறது. நேர்கோடு, ஆண்டுக்கு 50,800 பேர் என்று கூட்டிக்கொண்டே போய், 2,106 என்கிறது. உண்மை 2,074.5. நேர்கோட்டின் பிழை 1.5 விழுக்காடு, அடுக்கு முறையின் பிழை 22 விழுக்காடு. பிறப்பு விகிதம் அறுபதுகளில் சரிந்தது. 1966இல் குடும்பக் கட்டுப்பாட்டு வாரியம் வந்தது. 1972இல் 'இரண்டோடு நிறுத்துங்கள்' பிரசாரம் வந்தது. விழுக்காடு நிலையாக இருக்கும் என்பதுதான் அடுக்கு முறையின் அடிப்படை. அந்த ஒன்றுதான் இந்த ஊரில் நிலைக்கவில்லை.

இதனால் அடுக்கு முறை பயனற்றது என்று ஆகாது. ஐந்து ஆண்டுக்குள் பார்த்தால் எது போட்டாலும் ஒன்றுதான். 6.11 மில்லியனில் தொடங்கி ஆண்டுக்கு ஒரு விழுக்காடு கூட்டு முறையில் வளர்ந்தால் ஐந்து ஆண்டில் 6.4217 மில்லியன். அதே 61,100 பேரை ஆண்டுதோறும் நேராகக் கூட்டினால் 6.4155. வித்தியாசம் 6,200 பேர். குறுகிய காலத்துக்கு எந்த முறை என்று வாதிடுவது வீண் வேலை.

எஸ் வடிவ வளைகோடு

ஆங்கிலேயப் பொருளியலாளர் மால்தஸ் 1798இல் மக்கள்தொகைப் பெருக்கத்தைப் பற்றிப் பேசினார். பெல்ஜியக் கணிதவியலாளர் வெர்ஹுல்ஸ்ட் 1838இல் அதற்கு உச்சவரம்பு போட்டார். முதலில் மெல்ல, நடுவில் வேகமாக, உச்சவரம்பை நெருங்கும்போது மீண்டும் மெல்ல. நேர்கோட்டின் எச்சங்கள் காட்டிய வளைவு இதேதான். இடப்பற்றாக்குறை உள்ள தீவுக்கு இது பொருந்தும் என்று மனம் உடனே சொல்லும். பார்க்கவும் அழகாக இருக்கும், ஆசிரியருக்கும் பிடிக்கும்.

சம இடைவெளியில் மூன்று புள்ளிகள் இருந்தால் உச்சவரம்பைக் கண்டுபிடித்துவிடலாம். 1990, 2000, 2010 என்று எடுத்தால் உச்சவரம்பு 9.5 மில்லியன். 1980, 2000, 2020 எடுத்தால் 8.3 மில்லியன். 2000, 2010, 2020 எடுத்தால் 6.2 மில்லியன். 2025 ஜூனில் மக்கள்தொகை 6.11 மில்லியன். மூன்றாவது விடை சரியென்றால் நாம் ஏறக்குறைய கூரையில் முட்டிக்கொண்டு நிற்கிறோம். முதல் விடை சரியென்றால் இன்னும் மூன்று மில்லியனுக்கும் மேல் இடம் இருக்கிறது.

உச்சவரம்பு நிலத்தின் இயல்பிலிருந்து வருவதாக இருந்தால் எந்த மூன்று புள்ளி எடுத்தாலும் ஏறக்குறைய ஒரே எண் வர வேண்டும். இங்கே வரவில்லை. காரணம், இந்த வளைவை வரைந்தது இடப்பற்றாக்குறை இல்லை. வேலை அனுமதிச் சீட்டு எத்தனை, நிரந்தரவாசத் தகுதி எத்தனை பேருக்கு என்ற முடிவுகள். மீன்தொட்டிக்கும் நுண்ணுயிர்களுக்கும் இந்த முறை சிறப்பு. சிங்கப்பூருக்கு நான் பரிந்துரைக்க மாட்டேன்.

உடைத்துப் போடும் கோடு

அதே தரவை மூன்று துண்டாகப் பாருங்கள். 1970 முதல் 1990 வரை ஆண்டுக்கு 48,600 பேர். 1990 முதல் 2010 வரை 101,500. 2010 முதல் 2020 வரை 60,900. ஒவ்வொரு துண்டுக்குள்ளும் கோடு ஓரளவு ஒழுங்காக நடக்கிறது, முறியும் இடத்தில்தான் கதை இருக்கிறது. 2007இலிருந்து 2008க்குள் மட்டும் 250,800 பேர் கூடினார்கள். அதன்பின் வெளிநாட்டு ஊழியர் விதிகள் இறுகின.

இந்த முறைக்கு ஒரே நிபந்தனை: முறிவு ஆண்டுக்கு வெளியே ஒரு காரணம் இருக்க வேண்டும். பிழையைக் குறைப்பதற்காக நான்கு, ஐந்து இடத்தில் உடைத்தால் கடந்த காலம் கச்சிதமாகப் பொருந்தும், எதிர்காலத்துக்கு ஒன்றும் கிடைக்காது.

கடைசித் துண்டு எவ்வளவு நீளம் என்பதும் விடையைப் புரட்டிவிடும். 2015 முதல் 2019 வரையான ஐந்து எண்களுக்குக் கோடு போட்டால் ஆண்டுக்கு 36,900. 2021லிருந்து 2024 வரை இரண்டு புள்ளி வைத்தால் ஆண்டுக்கு 194,400. பின்னது கொவிட் பள்ளத்திலிருந்து ஏறிவந்த வேகம், வளர்ச்சியின் வேகம் இல்லை. அதை நம்பியிருந்தால் 2025க்கு 6.23 மில்லியன் என்று எழுதியிருப்போம். வந்தது 6.11. பள்ளத்தின் அடியில் கோட்டைத் தொடங்குவதுதான் கடை வியாபாரக் கணக்குகளில் அடிக்கடி காணும் தவறு.

இரண்டு கோடுகள்: இதுதான் இங்கே வேலை செய்கிறது

குடியிருப்பாளர்களை, அதாவது குடிமக்களையும் நிரந்தரவாசிகளையும், ஒரு பக்கம் வையுங்கள். வெளிநாட்டவரை மறுபக்கம் வையுங்கள். ஆயிரத்தில்:

ஆண்டு | குடியிருப்பாளர் | வெளிநாட்டவர்
1990 | 2,735.9 | 311.3
2000 | 3,273.4 | 754.5
2010 | 3,771.7 | 1,305.0
2020 | 4,044.2 | 1,641.6

இரண்டு வரிசையும் வேறு வேறு காரணங்களால் நகர்கின்றன. குடியிருப்பாளர் எண்ணிக்கை பிறப்பு, இறப்பு, புதிதாக நிரந்தரவாசம் பெறுவோர் என்று மெதுவாக மாறும். 2010க்கும் 2020க்கும் இடையில் ஆண்டுக்கு 27,250. அந்தக் கோட்டை 2024க்கு நீட்டினால் 4.15 மில்லியன். உண்மை 4.18. முப்பதாயிரத்துக்கு உட்பட்ட பிழை. நேர்கோட்டுக்கு ஏற்ற வரிசை இதுதான்.

வெளிநாட்டவர் வரிசை அப்படி இல்லை. 2020இல் 1.64 மில்லியன், 2021இல் 1.47, 2022இல் 1.56, 2023இல் 1.77, 2024இல் 1.86, 2025இல் 1.91. எல்லை மூடியபோது கட்டுமானத்திலும் கப்பல் பட்டறைகளிலும் வேலை பார்த்தவர்கள் ஊர் திரும்பினார்கள், திறந்ததும் ஆட்கள் வந்தார்கள். இதற்கு ஒரு கோட்டைப் போட்டு 'இதுதான் விடை' என்பதைவிட மூன்று சாய்வுகளைப் போட்டு மூன்று விடைகளைத் தருவது நேர்மையானது.

2030க்குச் செய்து பார்ப்போம். குடியிருப்பாளர்: 2025இன் 4.20 மில்லியனோடு ஐந்து ஆண்டுக்கு 27,250 வீதம் கூட்டினால் 4.34. வெளிநாட்டவர் 1.91லேயே நின்றால் மொத்தம் 6.25 மில்லியன். 2010 முதல் 2020 வரையான வேகத்தில், ஆண்டுக்கு 33,700 வீதம், கூடினால் 6.42. 2021க்குப் பின் பார்த்த 110,000 வேகம் தொடர்ந்தால் 6.80. முதலில் போட்ட ஒற்றை நேர்கோடும் 2030க்கு 6.42தான் சொல்கிறது. அது தற்செயல், அதை ஆதாரமாகக் காட்ட வேண்டாம். 2013இல் வெளியான மக்கள்தொகை வெள்ளை அறிக்கை 2030க்கு 6.5 முதல் 6.9 மில்லியன் என்று வைத்திருந்தது. அதே அறிக்கை 2020க்கு 5.8 முதல் 6 மில்லியன் என்றது, வந்தது 5.69.

இதில் கவனிக்க வேண்டியவை இரண்டு. வேலை அனுமதியில் இருப்பவர் நிரந்தரவாசியானால் ஒரு வரிசையில் குறைந்து மறு வரிசையில் கூடும், மொத்தம் மாறாது. ஒரு வரிசையை மட்டும் பார்த்து 'மக்கள் கூடிவிட்டார்கள்' என்று சொல்லிவிடக் கூடாது. அடுத்தது, 2021இல் குடியிருப்பாளர் எண்ணிக்கையும் சற்று இறங்கியது. வெளிநாட்டில் மாட்டிக்கொண்டு 12 மாதத்தைத் தாண்டிய குடிமக்கள் கணக்கிலிருந்து விலகியது ஒரு முக்கியக் காரணம். அந்தப் புள்ளியைக் கோட்டில் சேர்க்காதீர்கள். சேர்த்தால் காரணத்தைக் குறிப்பில் எழுதுங்கள்.

வயதுக்குழு முறை பற்றிச் சுருக்கமாக. ஐந்தைந்து வயதாகப் பிரித்து, ஒவ்வொரு குழுவுக்கும் பிறப்பு, இறப்பு, குடிபெயர்வு விகிதம் போட்டு முன்னே நகர்த்துவது. மொத்த எண்ணுக்கு இவ்வளவு உழைப்பு தேவையில்லை. ஆனால் கேள்வி 'தொடக்கநிலை ஒன்றில் எத்தனை பிள்ளைகள்', '75 வயதைத் தாண்டியவர்கள் எத்தனை பேர்' என்று இருந்தால் இதைத் தவிர வேறு வழி இல்லை. மொத்தக் கருவள விகிதம், அதாவது ஒரு பெண் வாழ்நாளில் சராசரியாகப் பெறும் பிள்ளைகளின் எண்ணிக்கை, 2023இல் 0.97க்கு இறங்கியது. 2024இலும் அதே 0.97. மொத்தம் ஏறிக்கொண்டே இருக்கும்போது பள்ளி வகுப்புகள் சுருங்குவது இதனால்தான். நேர்கோடு அதைப் பார்க்காது.

விகிதங்களுக்கு நேர்கோடே வேண்டாம். வீட்டில் அதிகம் பேசும் மொழி தமிழ் என்று சொன்ன குடியிருப்பாளர், ஐந்து வயதுக்கு மேற்பட்டோரில், 2010 கணக்கெடுப்பில் 3.3 விழுக்காடு, 2020இல் 2.5. ஆண்டுக்கு 0.08 குறைவு. கோட்டை நீட்டினால் 2051இல் சுழியம், அடுத்த ஆண்டிலிருந்து கழித்தல் விழுக்காட்டில் தமிழ் பேசுவோம். மேடையில் கவலையோடு காட்டுவதற்கு இந்தக் கோடு வசதியாக இருக்கும். கணக்காக இது செல்லாது, ஏனென்றால் விழுக்காடு 0க்குக் கீழும் 100க்கு மேலும் போக முடியாது, கோடு போகும். எண்ணிக்கையைத் தனியாகவும் மொத்தத்தைத் தனியாகவும் கணித்து வகுத்துக்கொள்ளுங்கள்.

யாருக்கு எது என்றால், லீனியர் லா (வளைகோட்டை நேர்கோடாக மாற்றும் ஏ மேத்ஸ் பகுதி) பாடத்துக்கு ஒப்படைப்பு செய்யும் மாணவர் நேர்கோட்டையும் லாக் கோட்டையும் அருகருகே போட்டு, எச்சங்களைக் காட்டி, 2024இல் எது தோற்றது என்று எழுதினால் மதிப்பெண்ணுக்குக் குறை இருக்காது. ஐந்து ஆண்டுக்குள் திட்டமிடும் வியாபாரிக்குக் கடைசிச் சில ஆண்டுகளின் நேர்கோடு போதும், தொடக்க ஆண்டு 2021ஆக இல்லாதவரை. தேக்கா கடைக்காரருக்கு மொத்தத்தைவிட வெளிநாட்டவர் வரிசைதான் முக்கியம் என்பதால் அவர் இரண்டு கோட்டுக்கே போவது நல்லது. பத்து ஆண்டுக்கு மேல் திட்டமிடும் அமைப்புகளும் அப்படியே, மூன்று சாய்வுகளோடு. இருபது ஆண்டுக்கு மேல் என்றால் வயதுக்குழு முறை.

எந்த முறையைத் தேர்ந்தாலும் விடையோடு நான்கு விவரங்களை எழுதிவையுங்கள்: எந்த ஆண்டு முதல் எந்த ஆண்டு வரையான தரவு, மொத்தமா குடியிருப்பாளரா, அலகு ஆயிரமா மில்லியனா, பொருத்தியபோது வந்த மிகப் பெரிய எச்சம் எவ்வளவு. நமது ஒற்றைக் கோட்டுக்கு அது 288,000. எனவே '2030இல் 6.42 மில்லியன்' என்று எழுதக் கூடாது, '6.1 முதல் 6.7 வரை' என்று எழுத வேண்டும். செப்டம்பர் கடைசியில் அந்த ஆண்டின் ஜூன் எண் வெளிவரும்போது கோட்டை உடனே மாற்றி வரையாதீர்கள். முதலில் பழைய கோட்டின் எச்சத்தைக் கணக்கிட்டுப் பழைய பட்டியலில் சேர்த்துக்கொள்ளுங்கள். தொடர்ந்து இரண்டு ஆண்டு ஒரே பக்கம் 100,000க்கு மேல் விலகினால் சாய்வைத் திருத்த நேரம் வந்துவிட்டது.